எமில்டா எரித்த இதழ்

எமில்டா யார் என்று கேட்டால் கடற்கரையில் இரண்டு விதமாகப் பதில் வரும். பழைய ஆட்கள், சங்கு குளித்த தொம்மை அந்தோணியின் நடு மகள் என்பார்கள். மூத்தவள் மணப்பாட்டில் வாழ்க்கைப்பட்டவள், இளையவள் கன்னியர் மடத்துக்குப் போனவள், நடுவில் இவள். மற்றவர்களுக்கு அவள் நங்கூரத்துக்காரி. ‘இல்ல நங்கூரம்’ என்ற கத்தோலிக்கக் குடும்ப வார இதழுக்கு முப்பத்தொரு வருசமாக அவள்தான் பங்குக் கோயிலில் விற்கும் ஏஜென்ட்.

அந்த இதழ் பிறந்தபோது நாலே பக்கம். ஞாயிற்றுக்கிழமை வாசகம், ஆயர் கடிதம், திருநாள் அறிவிப்பு, அவ்வளவுதான். பிறகு ஆசிரியராக வந்த சாமியார்கள் ஆளுக்கொரு பக்கம் கூட்டினார்கள். ஒருவர் டாக்டர் பதில் கொண்டுவந்தார், ஒருவர் தொடர்கதை, ஒருவர் குசினிச் சமையல் குறிப்பு. ஆனால் சனங்கள் வாங்கியது நடுப்பக்கத்துக்காக. இடப்பக்கம் வாழ்த்து: கல்யாணம், பிள்ளைகள் நற்கருணை வாங்கும் முதல் நன்மை, மணிவிழா. வலப்பக்கம் கறுப்புக் கட்டம் போட்ட நினைவுப் படங்கள். யார் கட்டினார்கள், யார் போனார்கள் என்று பார்த்துவிட்டுத்தான் மற்றப் பக்கங்களைப் புரட்டுவார்கள்.

அந்தப் படங்களைத் திரட்டுவதும் எமில்டாவின் வேலை. ஞாயிறு பூசை முடிந்து கோயில் வாசலில் மேசை போட்டு இதழை விற்கும்போதே படம் வாங்கிக்கொள்வாள். பின்பக்கம் பெயரும் தேதியும் பென்சிலால் எழுதுவாள். வாழ்த்துப் படம் வெள்ளைக் கவரில், நினைவுப் படம் காக்கிக் கவரில். திங்கட்கிழமை தபாலில் சேர்ப்பாள். மீதி நாளெல்லாம் தையல் மெஷின்தான்.

இரண்டு வருசத்துக்கு முந்திய மார்கழி வெள்ளம் நங்கூரம் அலுவலகத்துக்குள்ளும் புகுந்தது. கீழ்த் தட்டில் இருந்த பழைய வருசத் தொகுப்புகள் கூழாகிப் போயின. இதழுக்கு எழுபது வயது நெருங்க, புது ஆசிரியர் சாமியார் ஏஜென்ட்களைக் கூட்டி, ஆளுக்கொரு வருசம் எடுத்துக்கொண்டு வீடு வீடாய்த் தேடித் தரக் கேட்டார். தொண்ணூற்றாறாம் வருசத்தின் பெயர் வந்ததும் எமில்டா எழுந்துவிட்டாள்.

“அத எனக்கு விடுங்க சாமி.”

ஐம்பத்திரண்டு இதழ். அவளுக்கு அது பெரிய காரியமில்லை. யார் வீட்டு விசேசம் எந்த வாரம் வந்தது என்பது அவள் தலைக்குள் வரிசையாக இருந்தது. உயிர்ப்பு ஞாயிறு இதழா? மணப்பாட்டு ரொசிட்டாவின் கல்யாணப் படம் அதில்தான் வந்தது. ரொசிட்டா இப்போது வீரபாண்டியன்பட்டணத்தில் இரண்டாவது மகனோடு இருக்கிறாள். போய்க் கேட்டால் பட்டுச்சேலை மடிப்பிலிருந்து எடுத்துக் கொடுத்தாள். அக்டோபர் முதல் வாரம் ஆறுமுகநேரியில் கிடைத்தது. உப்பளத்து மாசானம் அண்ணாச்சி வேதக்காரரே அல்ல, இந்து. படத்தில் சப்பரம் தூக்கிய கூட்டத்துக்குப் பின்னால் அவர் தலை விழுந்திருந்தது என்பதற்காக அதைக் கண்ணாடிச் சட்டம் போட்டு மாட்டியிருந்தார். கழற்றித் தருவதற்குள் எமில்டாவுக்கு மூன்று டம்ளர் காப்பி ஆயிற்று.

இப்படி ஐம்பத்தொன்று சேர்ந்தது. ஆகஸ்ட் மூன்றாம் வாரம் மட்டும் எங்கும் இல்லை. ஒன்றுதானே, அந்த இடத்தில் வெள்ளைத் தாள் வைத்துத் தைத்துவிடலாம் என்றார் சாமியார். எமில்டா தலையை ஆட்டிவிட்டு வந்தாள். அந்த இதழ் ஏன் கிடைக்கவில்லை என்று அவளுக்குத் தெரியும். கோயில் பின்கட்டில் வைத்து எரித்தவளே அவள்தான்.

அப்போது அவள் ஏஜென்ட் ஆகி இரண்டு வருசம்கூட ஆகவில்லை. மூத்த மகளுக்கு அம்மை போட்டிருந்த வாரம். பிள்ளைக்கு வேப்பிலையால் தடவிக்கொடுத்துக்கொண்டே படங்களைக் கவரில் போட்டாள். அவள் அம்மாவின் ஒன்றுவிட்ட அண்ணன் மனைவி மிக்கேலம்மாளுக்கு மணிவிழா. அந்தப் படம் காக்கிக் கவருக்குள் போய்விட்டது. அச்சகத்தில் கவரைப் பார்த்துப் பக்கம் பிரித்தார்கள். ஞாயிற்றுக்கிழமை இதழைப் பிரித்த மிக்கேலம்மாள், கறுப்புக் கட்டத்துக்குள் தன் முகத்தைப் பார்த்தாள். பிறந்த தேதி இறந்த தேதியாகியிருந்தது. எமில்டா வீடு வீடாய் ஓடி, பக்கத்துப் பங்குகளில் விற்ற இதழ்களையும் திரும்ப வாங்கித் தீ வைத்தாள். அச்சகத்துக்காரன் தப்பு என்று ஊர் பேசியது. அவள் வாயைத் திறக்கவில்லை.

அத்தோடு முடிந்திருந்தால் சிரித்து மறந்திருப்பார்கள். மிக்கேலம்மாளின் மகன் பெனிஸ்டன் பஹ்ரைனில் கப்பல் பட்டறையில் வேலையாக இருந்தான். அறைக்கூட்டாளிக்குத் தபாலில் வந்த நங்கூரத்தில் அம்மாவைப் பார்த்தான். ஊருக்குப் போன் போட்டால் பக்கத்து வீட்டு லைன் பழுதாகிக் கிடந்தது. தன்னிடம் மறைத்துவிட்டார்கள் என்று நினைத்து, கம்பெனியில் சொல்லாமல்கூட விமானம் ஏறினான். வீட்டுக்குள் நுழைந்தால் அம்மா சாளை மீன் பொரித்துக்கொண்டிருக்கிறாள். கம்பெனி அவனைத் திரும்ப எடுக்கவில்லை. அவன் அப்பா கொதித்துப்போய், சொந்தத்தில் ஒரு வீட்டிலும் இனி நங்கூரம் நுழையக் கூடாது என்றார். எமில்டாவும் அந்தத் தெருவை விட்டாள்.

ஊரிலிருந்த இதழெல்லாம் தீயில் போயிருந்தாலும் கடல் தாண்டிப் போனது தப்பியிருக்கும். பெனிஸ்டன் அதைக் கையோடு கொண்டுவந்ததாகப் பேச்சு. கேட்க வேண்டுமானால் அந்த வாசலில்தான் நிற்க வேண்டும். கேட்டால், கவர் மாறியதைச் சொல்லாமல் வர முடியாது. நாலு நாள் யோசித்தாள். ஐந்தாம் நாள் காலைப் பூசை முடிந்ததும் போய்க் கதவைத் தட்டினாள்.

கதவைத் திறந்தது பெனிஸ்டன். துறைமுகத்தில் கிரேன் ஓட்டுகிறவன், ஐம்பத்தைந்து வயது. இராத்திரி ஷிப்டு முடிந்து வந்த முகம்.

“வழி தெரிஞ்சுதாக்கும் மைனி?”

எமில்டா வந்த காரியத்தைச் சொன்னாள். அந்தக் குப்பையை அன்றைக்கே விட்டெறிந்தாயிற்று என்றான் அவன். அதற்குள் குசினியிலிருந்து குரல் வந்தது.

“ஆருலே அது, எமில்டாவா? செத்தவள விசாரிக்க இப்பதான் நேரம் கெடச்சுதாளா?”

மிக்கேலம்மாள் நாற்காலியில் உட்கார்ந்து பூண்டு உரித்துக்கொண்டிருந்தாள். தொண்ணூறைத் தாண்டிய உடம்பு, குரல் மட்டும் அப்படியே இருந்தது. எமில்டா நின்றபடியே சொன்னாள்.

“மாமி, பிரஸ்காரன் ஒண்ணும் பண்ணல. நான்தான் கவர மாத்திப் போட்டேன். ஊரு அவன ஏசும்போது நான் பேசாம இருந்துட்டேன்.”

பின்னால் வந்த பெனிஸ்டன் குசினி நிலையில் சாய்ந்தான். கிழவி இன்னொரு பூண்டை எடுத்தாள்.

“அது எனக்குத் தெரியும்ளா. என் படம் வெளிய எட்டிப் பாத்த காக்கிக் கவரக் கையில வச்சுக்கிட்டு நீ தபாலாபீசுக்கு ஓடுனத ரெண்டு கண்ணால பாத்தவ நான். ஏலே, என் பெட்டியத் திற. அடக்கத்துக்கு வச்ச சேலைக்கு அடியில பாரு.”

அவன் பெட்டியைத் திறந்தான். வெள்ளைச் சேலைக்கு அடியில், பிளாஸ்டிக் பையில் சுற்றி, தொண்ணூற்றாறு ஆகஸ்ட் மூன்றாம் வாரத்து நங்கூரம். நடுவில் மடித்த தடம்கூடக் கலையவில்லை.

“இத எதுக்கும்மா வச்சிருக்க?”

“நீ விட்டெறிஞ்ச, நான் பெறக்குனேன். ஏழு வருசமா லீவு இல்லம்மா, லீவு இல்லம்மான்னு லெட்டர் போட்ட. இந்தப் பொஸ்தகம் ஒரே நாள்ல ஒன்னக் கொண்டாந்து சேத்துட்டு. அதுக்கு மூணாம் வருசம் ஒங்கப்பா போனாவ. நீ அங்கன கெடந்திருந்தா அவுக மொகத்தப் பாத்திருப்பியா?”

“ஒரு நாளும் சொல்லலியே.”

“வேல போச்சேன்னு நீ செவுத்துல முட்டிக்கிட்டு நின்ன. எனக்குச் சந்தோசம்னு அந்நேரம் எப்பிடிடே சொல்ல முடியும்?”

பெனிஸ்டன் தரையில் உட்கார்ந்து நடுப்பக்கத்தைப் பிரித்தான். கட்டத்தைப் பார்த்தவன், அம்மாவுக்கு அப்போது அறுபத்திரண்டு, இதில் அறுபது என்று போட்டிருக்கிறதே என்றான்.

“நான் சொன்ன வயசு அதுதான்” என்றாள் மிக்கேலம்மாள். எமில்டாவுக்குச் சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்து, முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

கொடுக்கும்போது கிழவி ஒரு கண்டிசன் போட்டாள். கட்டம் போட்ட பக்கத்தைக் கிழிக்கவோ மறைக்கவோ கூடாது, அப்படியே வைத்துத் தைக்க வேண்டும். பஸ்ஸில் கொண்டுபோனால் கசங்கும் என்று பெனிஸ்டன் வண்டியை எடுத்தான். உப்பு லாரிகளுக்கு நடுவே நுழைந்து நுழைந்து ஓட்டினான். வழியில், மைனியின் மூத்த மகளுக்கு இப்போது எத்தனை பிள்ளைகள் என்று கேட்டான். எமில்டா பெயர் பெயராகச் சொல்லிக்கொண்டே போனாள்.

அலுவலகத்தில் சாமியார் இதழை இரண்டு கையாலும் வாங்கினார். எமில்டா கவர் மாறிய கதையைத் தொடங்குவதற்குள் அவர் நடுப்பக்கத்துக்கு வந்துவிட்டார். கறுப்புக் கட்டத்தைப் பார்த்ததும் குரலைத் தாழ்த்தி, இந்த அம்மா எப்படி இறந்தார்கள் என்று விசாரித்தார்.

“வீட்ல இருக்காவ சாமி” என்றான் பெனிஸ்டன். “மைனி வெவரம் சொல்லுவாவ, கேளுங்க. நான் கெளம்புதேன். சாப்பாட்டுக்குப் பிந்துனா அம்மா ஏசுவாவ.”