இருக்கேன்

சென்ற ஆண்டு கார்த்திகை மழை நாளொன்றில், பதுளையிலுள்ள குடியியல் மேன்முறையீட்டு மேல் நீதிமன்றத்தில் என் மனைவியின் பெயரை அழைத்தார்கள். அவள் இறந்து அப்போது சில மாதங்கள் ஆகியிருந்தன.

வழக்கு அவள் தொடுத்தது. ஹல்துமுல்லைக்கு மேலே, அவளைப் பெற்றவர்கள் கொழுந்து பறித்த தோட்டத்தில், தொழிலாளர் குடியிருக்கும் லயங்களுக்குப் பின்னால் ஒரு மயானச் சரிவு உண்டு. அதை விலைக்கு வாங்கியதாகச் சொன்ன ஒருவர் அங்கே விடுதி கட்ட முற்பட்டார். நிலம் யாருடையது என்ற வழக்கு ஆண்டுக்கணக்கில் நீண்டது. அது முடியும்வரை மண்ணைத் தொடக்கூடாதென்று அவள் கேட்ட இடைக்காலத் தடையை மாவட்ட நீதிமன்றம் மறுத்துவிட்டது. மேன்முறையீடு செய்தாள், விசாரணைக்கு முன்பே இறந்தாள். அவள் விருப்பப்படி அந்தச் சரிவிலேயே, பெற்றோருக்கு அருகில் புதைத்தோம். விளிம்பில் மண் தோண்டும் பெக்கோ இயந்திரம் ஒன்று வந்து நின்றது. மேன்முறையீடு தோற்றால் அது முதலில் தோண்டுவது அவளுடைய ஈரம் காயாத மண்ணாகவே இருக்கும்.

அன்று மின்சாரம் இல்லை. மன்றத்துக்குள் மழையிருட்டு அடர்ந்திருந்தது. அவளுக்குப் பதிலாக என்னைச் சேர்க்கும்படி மனுக் கொடுத்திருந்தும், பட்டியலில் அவள் பெயரே இருந்தது. சிங்கள உச்சரிப்பில் சற்று நீண்டு, அந்தப் பெயர் மூன்று முறை ஒலித்தது. எனக்குப் பின்னாலிருந்து ஒரு பெண்குரல் பதில் சொன்னது.

"இருக்கேன்."

நான் திரும்பவில்லை. திரும்பினால் அது வேறொருத்தியாக இருந்துவிடும் என்று அஞ்சினேன்.

நீதிபதி நிமிர்ந்து, மேன்முறையீட்டாளர் எங்கே என்று கேட்டார். எங்கள் சட்டத்தரணி எழுந்து மரணச் செய்தியைத் தெரிவித்தார். பிறகு தணிந்த குரலில், "வழக்குக்குரிய காணியில்தான் இருக்கிறார்" என்றார்.

வாதம் முடிந்து வெளியே வந்தோம். தன் குழந்தையை அதே சரிவில் புதைத்த லயத்துப் பெண்ணொருவர் தாழ்வாரத்தில் குடையை உதறிக்கொண்டிருந்தார்.

"நாந்தாங்கய்யா கொரல் குடுத்தேன். பெரட்டுல பேர் கூப்புடயில ஆள் இல்லாட்டி, பக்கத்துல நிக்கிறவங்க குடுப்போம்ல? இல்லாட்டி அன்னைக்குப் பேரும் போயிரும், சம்பளமும் போயிரும்."

"இது காலையில ஆள் எண்ணுற பெரட்டு இல்லம்மா, கோர்ட்டு. செத்தவங்களுக்குக் குரல் குடுத்தா ஒங்களத்தான் உள்ள போடுவாங்க," என்றார் சட்டத்தரணி.

"போடட்டுங்க. கேஸு போட்ட அம்மா பேரை வெட்டிட்டு மிஷினை உள்ள விட்டா, எம் புள்ளைக்கு யாருங்க கொரல் குடுப்பா?"

"இருக்கேன்னுதானே சொன்னீங்க?" என்று நான் கேட்டேன்.

"ஐயையோ! அவங்க பேருக்கு நான் எப்புடிங்க அப்புடிச் சொல்லுவேன்? இருக்காங்கன்னுதான் சொன்னேன்."

சட்டத்தரணி என்னைப் பார்த்தார். அவர் காதிலும் 'இருக்கேன்' என்றே விழுந்திருந்தது.

தடை கிடைத்தது, இயந்திரம் இறங்கிப் போயிற்று. மூல வழக்கு இன்னும் நடக்கிறது. என்னைச் சேர்த்த பின்னும் அதன் தலைப்பில் அவள் பெயரே முதலில் நிற்கிறது. ஒவ்வொரு தவணையிலும் அதை அழைக்கும்போது "இருக்காங்க" என்று இப்போது நானே குரல் கொடுக்கிறேன். ஆனால் அதற்கு முன், ஒரு கணம் பொறுத்துக் காத்திருக்கிறேன்.