ஏழாம் கதவில் ஒரு ஜோடிச் செருப்பு

உங்கள் கையெழுத்து பொய் என்று, உங்கள் அதிகாரியின் முகத்துக்கு நேரே, கூட வேலை செய்கிறவர்கள் பார்த்துக்கொண்டிருக்க, நீங்கள் எப்போதாவது சொல்லியிருக்கிறீர்களா? அவசரப்பட்டு ஆம் என்று சொல்லிவிட வேண்டாம். முதலில் சாவி அக்காவைத் தெரிந்துகொள்ளுங்கள்.

வயது நாற்பத்து மூன்று. கணவர் பள்ளி வேன் ஓட்டுகிறார். மகள் பதினொன்றாம் வகுப்பு. மாமியாரும் சேர்ந்து நான்கு பேர் இரண்டு அறை வீட்டில் இருக்கிறார்கள். அக்கா பதினாறு ஆண்டுகளாகத் துகள் மோதி ஆய்வகத்தில் ஒப்பந்தத் தொழிலாளி. பூமிக்கு எண்பது மீட்டர் கீழே, பதினான்கு கிலோமீட்டர் சுற்றளவில், வட்டமாக ஒரு சுரங்கம். அதற்குள் வளைந்து செல்லும் குழாயில் இரண்டு புரோட்டான் கற்றைகள் எதிரெதிர் திசையில் ஓடிவந்து மோதும். தெறித்து விழுவதை வைத்து, நீங்களும் நானும் இந்தத் தாளும் எதனால் ஆனவை என்று கண்டுபிடிக்கிறார்கள். கற்றை ஓடும்போது சுரங்கத்துக்குள் ஓர் உயிர்கூட இருக்கக் கூடாது. கதிர்வீச்சு கொன்றுவிடும்.

ஆகவே ஒவ்வொரு முறையும் இயந்திரத்தை ஓட்டுவதற்கு முன் சுரங்கத்தை ஏழு பகுதியாகப் பிரித்து, பகுதிக்கு இருவராக நடந்து தேடுவார்கள். கற்றையை வளைக்கும் காந்தங்களுக்குப் பின்னால், கேபிள் தட்டுகளுக்கு அடியில், ஏணிகளின் இடுக்கில். "யாராச்சும் இருக்கீங்களா?" என்று கூவிக்கொண்டே போக வேண்டும். முடித்ததும் 'எவரும் இல்லை' என்று எழுதிக் கையெழுத்துப் போட வேண்டும். அதுதான் அக்காவின் வேலை.

வீட்டில் மாமியாருக்கு இதெல்லாம் வேடிக்கை. "கண்ணுக்குத் தெரியாததை எடுத்து, கண்ணுக்குத் தெரியாத இன்னொண்ணு மேல மோதுறாங்களாம். கண்ணுக்கு நல்லாத் தெரியுது நம்ம தெரு ரோடு, அதைப் போட ஆள் இல்ல."

"ரோடு போடாதவன் சட்டையைப் போய்ப் பிடிங்க அத்தை. இங்க என்ன வம்பு?" என்பார் அக்கா.

மகளின் கேள்வி வேறு மாதிரி. இந்த இயந்திரம் தன்னால் முடிந்ததைக் கிட்டத்தட்ட முடித்துவிட்டது. அண்டத்தில் உள்ள பொருளில் பெரும்பங்கு என்னவென்றே இன்னும் தெரியவில்லை. அதைத் தேட அறுபது கிலோமீட்டருக்கு ஒரு புதிய வளையம் வேண்டும் என்று விஞ்ஞானிகள் கேட்கிறார்கள்.

"அவ்வளவு பெருசாக் கட்டி, அதுலயும் ஒண்ணும் கிடைக்கலன்னா?"

"அங்க இல்லைன்னு தெரிஞ்சிடும்ல? நான் தினம் செய்யறது என்னடி? மூலை முடுக்கெல்லாம் பாத்துட்டு யாரும் இல்லைன்னு எழுதுறேன். ஒழுங்காத் தேடிட்டு இல்லைன்னு சொல்றதும் கண்டுபிடிப்புதான்."

இந்த வாக்கியத்தை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.

இனி சாவி. ஒவ்வொரு கதவருகிலும் ஒரு சாவிப்பலகை உண்டு. உள்ளே போகிறவர் ஒரு சாவியை எடுத்துக்கொண்டு போவார். வெளியே வந்ததும் திரும்ப மாட்டுவார். ஒரு சாவி குறைந்தாலும் மின்சாரம் காந்தங்களுக்குப் போகாது. அருமையான ஏற்பாடு. ஆனால் அது நிரந்தர ஊழியருக்கு மட்டும். ஒப்பந்தத் தொழிலாளிக்குத் தனிச் சாவி கிடையாது. மேற்பார்வையாளர் ஒருவரின் ஒற்றைச் சாவியில் நான்கு பேர் வரை உள்ளே போகலாம். சாவி என்பது விரல் நீளப் பித்தளைத் துண்டு, அதற்குப் பஞ்சமில்லை. யாரை ஆளாக மதிப்பது என்பதில்தான் பஞ்சம். தேடும் வேலை செய்கிறவர்களுக்கு மட்டும் விதிவிலக்காகச் சாவி தந்திருந்தார்கள். 'சாவி அக்கா' என்ற பட்டப்பெயரில் பாதி கேலி, பாதி பொறாமை.

அன்று ஒரு மாதப் பராமரிப்பு முடிந்திருந்தது. புதிய வளையத்துக்குப் பரிந்துரை செய்வதா வேண்டாமா என்று முடிவெடுக்கும் ஒன்பது பேர் குழு வந்திருந்தது. மூன்று மணிக்கு முதல் மோதலை அவர்கள் கண்ணால் பார்க்க வேண்டும்.

இரண்டு ஐம்பதுக்கு அக்காவும் கூடத் தேடிய நெட்டையும் ஏழாம் கதவின் வழியாக மேலே வந்தார்கள். நெட்டை ஆறடி இரண்டங்குலம், தலைக்கவசமே மூன்று முறை உடைந்தவர். இருவரும் சாவியை மாட்டினார்கள். பலகையில் முப்பத்திரண்டு விளக்கும் பச்சை. கீழே எச்சரிக்கைச் சங்கு ஒலிக்கத் தொடங்கியது. ஐந்து நிமிடம் ஒலிக்கும், அதன் பிறகு கற்றை.

அக்கா பாதுகாப்புக் காலணியைக் கழற்றி அடுக்கில் வைத்தார். தன் செருப்பை எடுக்கக் குனிந்தவர் அப்படியே நின்றுவிட்டார்.

கீழ்த்தட்டில் இன்னொரு ஜோடி இருந்தது. பழுப்புச் செருப்பு. வலது வார் அறுந்த இடத்தில் நீல நிறக் கேபிள் உறையைச் சுற்றிக் கட்டியிருந்தது.

"நெட்டை, இது பம்புக்காரர்து."

"வேற செருப்பு போட்டுட்டுப் போயிருப்பாரு."

"எது? இந்த ஒண்ணையே ஒட்டுப் போட்டு நடக்குற மனுஷன் அவர்."

சுரங்கத்தில் ஊறும் நீரை வெளியேற்றும் பம்புகள்தான் அவர் வேலை. சுரங்கத்துக்குள் போன் கொண்டுபோகக் கூடாது என்பதால் எல்லோரும் கதவருகே உள்ள பெட்டிகளில் வைத்துவிட்டுப் போவார்கள். நெட்டை அவர் எண்ணை அழைத்தார். பக்கத்துச் சுவரில், பதினோராம் பெட்டிக்குள் மணி அடித்தது.

அக்காவுக்கு ஆறாம் பகுதியும் ஏழாம் பகுதியும் சந்திக்கும் இரும்புக் கதவு நினைவுக்கு வந்தது. அதன் காலடியில் நீர் சேரும் குழி. குழி எல்லையில் இருப்பதால் இரண்டு குழுவும் பார்க்க வேண்டும் என்பது விதி. நடைமுறை வேறு. முதலில் வந்த குழு குழிக்குள் பார்த்துவிட்டுக் கதவில் சுண்ணக்கட்டியால் ஒரு கோடு போடும். கோட்டைப் பார்த்தால் அடுத்த குழு திரும்பிவிடும். பல வருட வழக்கம். யாரும் எழுதிவைத்ததில்லை. சற்று முன் அக்கா அந்தக் கோட்டைப் பார்த்துத்தான் திரும்பியிருந்தார்.

கோட்டின் மேல் தூசி படிந்திருந்தது.

அது போன மாதக் கோடு, யாரும் அழிக்காமல் விட்டது. ஆறாம் பகுதிக்காரர்களும் அதையே பார்த்துத் திரும்பியிருப்பார்கள்.

அக்கா வெறுங்காலோடு ஓடிப் பலகையிலிருந்து தன் சாவியைப் பிடுங்கினார். ஒரு விளக்கு சிவந்தது. கீழே சங்கு பாதியில் நின்றது.

கட்டுப்பாட்டு அறையிலிருந்து போன் வந்தது. அது இரண்டாவது முறை மணி அடிப்பதற்குள் பாதுகாப்பு அதிகாரி பக்கத்திலேயே இருந்த தன் அறையிலிருந்து வந்துவிட்டார். புதிய வளையத்தின் திட்டத்துக்காகப் பன்னிரண்டு வருடம் உழைத்தவர். கெட்டவர் அல்ல. அதுதான் இன்னும் ஆபத்து.

"யாரும்மா சாவியை எடுத்தது?"

"நான்தான் சார். உள்ள ஆள் இருக்கு."

"யாரு சொன்னா?"

"செருப்பு சொல்லுது சார்."

அதிகாரி அடுக்கைப் பார்த்தார், பலகையைப் பார்த்தார். "மேற்பார்வையாளர் சாவி வந்தாச்சு. அவர் கூடப் போன நாலு பேரும் வந்தாச்சுன்னு அர்த்தம். அவங்க எல்லாம் டவுன் பஸ் ஏறியாச்சு."

"சாவிதான் சார் வந்திருக்கு. ஆளு வந்ததை யாரு பாத்தா?"

"நீங்க பாத்தீங்களே! ரெண்டு கிலோமீட்டர் நடந்து பாத்துட்டு, எவரும் இல்லைன்னு எழுதிக் கையெழுத்துப் போட்டிருக்கீங்களே. இதோ." தாளை அக்காவின் முகத்துக்கு நேரே நீட்டினார். "இது உங்க கையெழுத்துதானே?"

வாசலில் இரண்டு காவலர்கள், ஒரு மின்பணியாளர், நெட்டை. எல்லோரும் அக்காவின் வாயைப் பார்த்தார்கள். ஆமாம் என்று சொல்லிவிட்டுச் சாவியை மாட்டினால் வேலை தப்பும். வீட்டில் மகளின் கல்லூரி, மாமியாரின் கண் அறுவைச் சிகிச்சை, எல்லாம் அந்த ஒரு வார்த்தைக்குப் பின்னால் வரிசையில் நின்றன.

"கையெழுத்து என்னோடதுதான் சார். ஆனா அது பொய். எல்லைக் குழியை நான் பாக்கல. பழைய கோட்டைப் பாத்துட்டுத் திரும்பிட்டேன்."

அதிகாரியின் குரல் இறங்கியது. "இன்னைக்கு ஓடலன்னா என்ன ஆகும் தெரியுமா? ஒரு பம்புக்காரன் செருப்பை மறந்துட்டுப் போனதுக்கு, அடுத்த அம்பது வருஷ ஆராய்ச்சி போகும். அந்தப் புது மிஷின் வேணும்னு நீங்களே என்கிட்ட சொன்னதில்லையா?"

"வேணும் சார். இப்பவும் வேணும்."

"அப்ப சாவியை மாட்டுங்க. இல்ல, மாத்துச் சாவி என் பீரோவுல இருக்கு. ரெண்டு நிமிஷம்."

அவர் திரும்பி நடந்தார். அவர் பீரோவைத் திறக்கும் ஓசை கேட்டது.

கையிலிருந்த சாவியால் இனிப் பயனில்லை. ஒன்றுதான் மிச்சம். சுரங்கக் கதவைத் திறந்தால் ஏழு பகுதிகளின் தேடலும் செல்லாமல் போகும். முதலிலிருந்து நடந்து தேட மூன்று மணி நேரம். மோதலைப் பார்க்க வந்த குழுவுக்கு ஐந்து மணிக்கு விமானம்.

அக்கா கதவின் பிடியை இரண்டு கையாலும் கீழே இழுத்தார்.

பலகையில் அத்தனை விளக்கும் சிவந்தன. நெட்டை ஒரு கெட்ட வார்த்தை சொன்னார், பிறகு அக்காவின் பின்னாலேயே ஓடினார். லிஃப்ட் இறங்க ஒன்றரை நிமிடம். கீழே சைக்கிள்கள் இருந்தன. இரும்புக் கதவு வரை ஒன்றே முக்கால் கிலோமீட்டர். வெறுங்காலால் மிதித்ததில் பெடலின் பல் குத்தி அக்காவின் உள்ளங்காலில் ரத்தம்.

குழியின் மூடி முக்கால்வாசி மூடியிருந்தது. உள்ளே பம்பு உறுமிக்கொண்டிருந்தது. நெட்டை மூடியை இழுத்தார். கீழே இடுப்பளவு ஆழத்தில், காதை அடைக்கும் உறை மாட்டிய ஒரு தலை, வடிகட்டியைத் துடைத்துக்கொண்டே பாடிக்கொண்டிருந்தது. ராகம் எதிலும் சேர்த்தியில்லை.

அக்கா தோளைத் தொட்டார். பம்புக்காரர் உறையைக் கழற்றி அண்ணாந்து பார்த்தார்.

"என்ன அக்கா? அதுக்குள்ள மணி மூணாயிடுச்சா?"

மணி மூன்று பதினொன்று.

அக்கா குழியின் விளிம்பில் உட்கார்ந்துவிட்டார். உள்ளங்காலைக் கைக்குட்டையால் கட்டி முடிக்கப் பத்து நிமிடம் ஆயிற்று. அதுவரை பம்புக்காரர், "யாராச்சும் சொல்லியிருந்தா ஏறி வந்திருப்பேனே, யாராச்சும் சொல்லியிருந்தா ஏறி வந்திருப்பேனே" என்று அதையே சொல்லிக்கொண்டிருந்தார்.

மேலே வந்ததும் காவலர்களில் ஒருவர் கைகூப்பினார். "கடவுள் காப்பாத்திட்டாரு."

"செருப்பு காப்பாத்துச்சு. வாரு அறுந்து கிடந்ததால தெரிஞ்சுது. புதுச் செருப்பு வாங்கியிருந்தா அது யாரோடதுன்னு எனக்கு எப்படித் தெரியும்?" என்றார் அக்கா.

குழு மோதலைப் பார்க்காமல் புறப்பட்டுப் போனது. விசாரணை நடந்தது. அறிக்கை இருபது பக்கம். நான்கு பேருக்கு ஒரு சாவி என்பதைப் பற்றி ஒரு வரி இல்லை. பீரோவிலிருந்த மாற்றுச் சாவி பற்றியும் இல்லை. முடிவு இது: 'தேடுதல் பணியாளரின் தனிப்பட்ட கவனக்குறைவு.' ஆதாரம், அவர் வாயாலேயே ஒப்புக்கொண்டார் என்பது. அக்காவின் சுரங்க அனுமதி ரத்தானது. இப்போது உதிரிபாகக் கிடங்கில் போல்ட்டுகளை அளவுவாரியாகப் பிரிக்கிறார். ஒப்பந்தம் ஆண்டு இறுதியில் முடிகிறது, நீட்டிப்பார்களா என்று யாரும் சொல்லவில்லை. உண்மை சொன்னவரைத் தண்டித்தால் அடுத்த முறை என்ன நடக்கும்? தூசி படிந்த கோட்டைப் பார்த்தவர் வாயை மூடிக்கொண்டு சாவியை மாட்டுவார். இதைப் புரிந்துகொள்ள இயற்பியல் படித்திருக்க வேண்டியதில்லை.

புதிய வளையத்தைக் குழு நிராகரிக்கவில்லை. வரைவுத் திட்டம் நானூறு பக்கம், பொதுமக்கள் கருத்துக்காக நூலகங்களில் வைத்திருக்கிறார்கள். காந்தங்களைப் பற்றி அறுபது பக்கம். நூற்றுப் பன்னிரண்டாம் பக்கத்தில் ஒரே பத்தி: 'துணைப் பணியாளர்கள் மேற்பார்வையாளரின் சாவியில் அனுமதிக்கப்படுவர்.' இம்முறை நான்கு பேர் அல்ல, ஆறு பேர்.

மகள் அந்தப் பக்கத்தைப் பார்த்துவிட்டுக் கேட்டாளாம்: "இப்பவும் அந்த மிஷின் வேணும்னு சொல்றியாம்மா?"

"வேணும்டி. ஒழுங்காத் தேடணும், அவ்வளவுதான்."

வாசகரே, கருத்துச் சொல்ல இந்த மாதக் கடைசி நாள்வரை நேரம் இருக்கிறது. நூலகத்துக்குப் போங்கள். நூற்றுப் பன்னிரண்டாம் பக்கத்தைத் திறந்து பாருங்கள். கூடவே வைத்திருக்கும் படிவத்தில், உங்கள் பெயரும் முகவரியும் போட்டு இரண்டு வரி எழுதுங்கள்: உள்ளே இறங்கும் ஒவ்வொருவருக்கும் ஒரு சாவி வேண்டும். ஏழாம் கதவின் தேடுதல் பணியாளரை அவர் வேலைக்குத் திருப்பி அனுப்ப வேண்டும். பிறகு கையெழுத்துப் போடுங்கள்.