மினுக்கியின் கதவு

ஓபெட் டிரிக்கெட்டுக்கு விடுப்பு வேண்டும். அவ்வளவுதான் அவன் ஆசை. போர்ட்ஸ்மவுத் கப்பல் தளத்துக்கு நாலு தெரு தள்ளி அவன் மனைவி ஹெஸ்டர் இருந்தாள். அவன் கண்ணாலே பார்த்திராத மகளும் இருந்தாள். அவன் கடலில் இருந்தபோது பிறந்த பிள்ளை, இப்போது ஓடித் திரிகிறதாம். கப்பல் ஊர் திரும்பிக்கொண்டிருந்தது. ஆனால் அந்தக் கப்பலில் விடுப்பைக் கேட்டு வாங்க முடியாது, தேய்த்துத்தான் வாங்க வேண்டும்.

கப்பலின் பெயர் மெலிசாண்ட், மகாராணியின் குரூசர் வகைப் போர்க்கப்பல். ஆட்கள் அதற்கு வைத்திருந்த பெயர் மினுக்கி. அதை வரைந்து கட்டியவர்களைக் குறை சொல்லக்கூடாது. இயந்திரத்துக்கு மேலே, குண்டு விழுந்தால் வழுக்கிப் போகும்படி வளைந்த எஃகுத் தளம். இரண்டு பக்கமும் நிலக்கரிக் கிடங்கு, அதுவே கவசம். உள்ளே தடுப்புச் சுவர்கள் எழுப்பிச் சின்னச் சின்ன அறைகளாகப் பிரித்து, எஃகுக் கதவுகள் போட்டிருந்தார்கள். ஓர் அறையில் தண்ணீர் புகுந்தால் கதவை மூடிவிட வேண்டியது, மிச்ச அறைகள் கப்பலைத் தாங்கிக்கொள்ளும். அந்தச் சுவர்களுக்கு ஆணி அறைந்தவர்களில் ஓபெட்டின் அப்பாவும் ஒருவர். இயந்திரத்தை நம்பாத பெரிய தலைகளுக்காகப் பாய்மரங்களையும் நட்டுவைத்தார்கள். ஆற்றிலே ஒரு கால், சேற்றிலே ஒரு கால். போகட்டும், மிதந்தது.

இத்தனையும் செய்து கமாண்டர் ஃபெனிமோர் கையில் கொடுத்தார்கள். குரங்கு கையில் பூமாலை. பதவி உயர்வு கொடுக்கும் கனவான்கள் பார்வையிட வந்தால் பீரங்கி சுடுகிறதா என்று பார்ப்பதில்லை, பித்தளை மின்னுகிறதா என்றுதான் பார்ப்பார்கள். அது அவருக்கு நன்றாகத் தெரியும். சுட்டால் வெள்ளை வண்ணத்தில் புகை படியும் என்பதால், பயிற்சிக் குண்டுகளைச் சத்தமில்லாமல் கடலில் போடச் சொன்னார். சான்சிபார் பக்கம் அடிமை வியாபாரியின் படகு ஒன்றைத் துரத்தும்போது, புகைபோக்கி கரியைக் கொட்டுகிறது என்று வேகத்தைக் குறைத்த மனிதர் அவர். படகும் தப்பியது, வண்ணமும் தப்பியது.

மால்டாவுக்கு வந்ததும் அவர் கண் கதவுகள் மேல் விழுந்தது. வண்ணத்தைச் சுரண்டு, உப்புத்தாளும் எண்ணெயும் போட்டுத் தேய், வெள்ளித் தட்டு மாதிரி ஆக்கு என்றார். எவன் கதவு நன்றாக மின்னுகிறதோ அவனுக்கு முதல் விடுப்பு.

ஓபெட்டின் கதவு, சாமான் அறைக்கும் கொதிகலன் அறைக்கும் நடுவில் இருந்தது. அந்தப் பக்கம் கரி அள்ளிப் போடுபவன் அவன் நண்பன் ஜோயல் பில்பீம்.

"டேய், கதவத் தேய்க்கிறியா, கரைக்கிறியா?" என்பான் ஜோயல்.

"உனக்கென்னடா, பொண்டாட்டியா புள்ளையா? கரிய அள்ளு."

"அள்ளுறேன். நீ இன்னும் கொஞ்சம் தேய்ச்சா நான் கதவத் திறக்காமலே உன் பக்கம் வந்துடுவேன் போல."

மூடிய கதவின் தேய்ந்த விளிம்பில் விளக்கு வெளிச்சம் கசிவதை ஓபெட்டும் ஒருநாள் பார்த்தான். பார்த்தும் வாயைத் திறக்கவில்லை. சொன்னால் கதவைக் கழற்றுவார்கள், விடுப்பு வேறொருவனுக்குப் போய்விடும்.

ஊருக்கு மிக அருகில், மூடுபனியில், மினுக்கி பாறையில் உரசியது. சாமான் அறையின் பக்கம் கிழிந்தது. ஓபெட் ஓடிப்போய்க் கதவை மூடி, பிடிகளையெல்லாம் இறுக்கினான். எவ்வளவு இறுக்கி என்ன? நாலு விளிம்பிலும் தண்ணீர் கொதிகலன் அறைக்குள் பாய்ந்தது. உள்ளே இருந்தவர்கள் நெருப்பை அவித்துவிட்டு ஏணியில் ஏறினார்கள். கடைசியாக வந்த ஜோயலுக்கு மார்பளவு தண்ணீர், நீராவியில் ஒரு கை வெந்திருந்தது.

"உன் கதவுல என் மூஞ்சி தெரிஞ்சுதுடா," என்றான் ஜோயல், கைக்குக் கட்டுப் போடும்போது. "சாகப்போறவன் மூஞ்சி. அவ்வளவு சுத்தமாத் தெரிஞ்சுது."

ஓபெட்டுக்கு அழுகை வந்தது.

மற்ற கதவுகள் எப்படியோ தாங்கின. கப்பல் தளத்துக்கு வந்து சேர்ந்தது. விசாரணையில் பாறையின் மேல் குற்றம், பனியின் மேல் குற்றம். கதவைப் பற்றி யாரும் கேட்கவில்லை. தளத்து ஆட்கள் புதுக் கதவு மாட்டினார்கள். விளிம்பில் கெட்டியான ரப்பர், மேலே சாம்பல் வண்ணம்.

வண்ணம் காய்வதற்குள் ஓபெட்டின் மேலாள் பட்ஜ் வந்துவிட்டார். "ஓபெட்டு, நாளைக்கு கமாண்டர் பார்க்க வர்றார். உன் கை வாகு யாருக்கும் வராது. தேய்ச்சுடு, சனிக்கிழமை வீட்டுல இருப்ப."

"இது தேய்க்கிற கதவு இல்ல அண்ணே. மூடுற கதவு."

"எனக்கே பாடமா? உன் புள்ள மூஞ்சிய நெனச்சுப் பாரு."

அந்த முகம் எப்படி இருக்கும் என்றே ஓபெட்டுக்குத் தெரியாது. ஆனால் அவன் தேய்க்கவில்லை.

மறுநாள் கமாண்டர் கதவின் முன் நின்றார். "என்ன அசிங்கம் இது?"

"வண்ணம், சார்."

"எதுக்கு?"

"தண்ணி வராம இருக்க, சார்."

பின்னால் எவனோ சிரித்துவிட்டான். அதுதான் வினையாயிற்று. விடுப்பு ரத்து. சட்டைக் கையில் இருந்த நன்னடத்தைப் பட்டையையும் பிய்த்தார்கள்.

அன்று மாலையே, கப்பல் தளத்து வாசல் கம்பிக்கு அந்தப் பக்கம் ஹெஸ்டர் வந்து நின்றாள்.

"எல்லாருக்கும் லீவு, உனக்கு மட்டும் என்ன கேடு?"

"ஒரு கதவத் தேய்க்கச் சொன்னாங்க. மாட்டேன்னுட்டேன்."

"கதவா? தேய்ச்சுட்டு வந்து தொலைக்க வேண்டியதுதானே! மலையப் பெயர்க்கவா சொன்னாங்க?"

"போன தடவ தேய்ச்சதுல ஜோயல் செத்திருப்பான், ஹெஸ்டர்."

"இத்தன வருஷமா ஜோயல் வருவான்னா காத்திருந்தேன்?"

பாவாடைக்குப் பின்னாலிருந்து ஒரு சின்னத் தலை எட்டிப் பார்த்தது. "யாரும்மா இந்த ஆளு?" என்றது. ஹெஸ்டர் பிள்ளையை இழுத்துக்கொண்டு போனாள்.

ஓபெட் கப்பலுக்குத் திரும்பினான். கீழே இறங்கும்போதே கரகரவென்று சத்தம். அவன் கதவின் முன் உடன் வேலை செய்யும் லூக் ஸ்பரகன் முட்டிபோட்டு உட்கார்ந்து தேய்த்துக்கொண்டிருந்தான். தரையெல்லாம் சாம்பல் வண்ணத் தூள்.

"கோச்சுக்காதடா," என்றான் லூக், நிமிராமலே. "எங்கம்மா படுத்த படுக்கையா இருக்கா. இந்த சனிக்கிழமைய விட்டா உயிரோட பார்க்க முடியாது."

அவனைத் திட்ட ஓபெட்டுக்கு மனம் வரவில்லை. யாரைத் திட்டுவது என்றும் தெரியவில்லை.

"அந்த விளிம்பயாவது விட்டுடுடா," என்றான்.

"விளிம்புலதான் கமாண்டர் விரல வச்சுப் பார்க்கிறார்," என்றான் லூக்.