கிணற்றடிச் சொல்லுக்கு அண்ணன் சாட்சி

அண்ணன் மறைந்து ஓராண்டு நிறையும் இந்த நாளில், இந்த நினைவு மலரைக் கையில் வாங்கியிருக்கும் சொந்தபந்தங்களுக்கும் கோர்ட் நண்பர்களுக்கும் தங்கையின் வணக்கம். அவரைப் புகழ்ந்து நாலு பக்கம் எழுதித் தரச் சொன்னார்கள். வெறும் புகழ்ச்சி அவருக்கு ஆகாது, "ஆதாரம் என்ன அம்மணி?" என்று கேட்பார். ஆகவே நடந்ததையே எழுதுகிறேன். இதில் எங்கள் தம்பியும் வருகிறான். அவனிடம் கேட்டபோது, என் தப்பையும் சேர்த்தே எழுதுங்கக்கா என்று சொல்லிவிட்டான்.

பெருந்துறைக்குப் பக்கத்தில் தோட்டத்து வீட்டில் பிறந்தவர் அண்ணன். அப்பா போனபோது அவருக்குப் பதினாறு வயது, தம்பி கைப்பிள்ளை. சிங்காநல்லூரில் மில் வேலைக்குப் போனார். சில வருடம் உழைத்து எங்களை ஒரு நிலைக்குக் கொண்டுவந்த பிறகே கோவையில் சட்டம் படித்தார். உடன் படித்தவர்கள் கிரிமினல் பக்கம் போய்ப் பேர் வாங்கினார்கள். இவரோ ஒப்பந்தச் சட்டத்தைப் பிடித்துக்கொண்டார், கடைசிவரை விடவில்லை.

அதில் என்னதான் இருக்கிறதென்று எனக்குப் புரிந்ததே இல்லை. பஸ்ஸில் ஏறினால், "ஒப்பந்தம் எப்ப ஆச்சு, ஏறுனப்பவா, டிக்கெட் கிழிச்சப்பவா?" என்று கேட்பார். இளநீர்க்காரர் அரிவாளை ஓங்கியபடி நிற்க, வெட்டுவதற்கு முன் வேண்டாமென்றால் செல்லுமா என்று அவரிடமே விசாரித்தார். அந்த மனிதர் என்னைப் பரிதாபமாகப் பார்த்தார். மாட்டுச் சந்தைக்குப் போனால் மாட்டைப் பார்க்க மாட்டார். துண்டுக்குள் கைவிட்டு விரலைப் பிடித்து விலை பேசுவார்களே, அதைத்தான் பார்ப்பார். வாயும் திறக்கவில்லை, எழுத்தும் இல்லை, ஆனால் ஒருவரும் பின்வாங்குவதில்லை என்று வியப்பார். வெள்ளைக்காரன் 1872இல் சட்டம் எழுதினான். அப்போதுகூட வியாபார வழக்கங்களில் கை வைக்க மாட்டேனென்று முதல் பிரிவிலேயே சொல்லிவிட்டான் என்பார். அதற்கு முன்னால் நம்மாட்களின் வாக்கை எது கட்டிப்போட்டது என்பது அவருடைய தீராத கேள்வி.

இப்பேர்ப்பட்டவர் சொந்த வீட்டில் ஒரு தப்புச் செய்தார். கிணறு இருக்கிற தென்காட்டு நிலத்தை அம்மா தம்பிக்குச் செட்டில்மெண்ட் எழுதிவைத்தார். எனக்கு வந்த ரெண்டு ஏக்கரில் கிணறு இல்லை. ஒரு நாள் விட்டு ஒரு நாள் அக்கா காட்டுக்குத் தண்ணீர் விட வேண்டும், அந்தப் பேச்சின் மேல்தான் காடு உனக்கு என்று கிணற்றடியில் வைத்து அம்மா சொன்னார். தம்பி "சரிங்கம்மா" என்றான். பத்திரம் எழுதியது அண்ணன்தான், ஆனால் தண்ணீர் முறையை மட்டும் அதில் எழுதவில்லை. கூடப் பிறந்தவனிடம் எழுதி வாங்கினால் நம்பவில்லை என்றாகும், மரியாதையில்லை என்று நினைத்துவிட்டார். ஊருக்கெல்லாம் எழுதி வாங்கச் சொன்ன வாய் அது.

அம்மா போன பிறகு மழை பொய்த்தது. தம்பி தென்னைக்குச் சொட்டு நீர் போட்டான். என் முறையை நிறுத்தினான். என் காட்டில் மஞ்சள், பாதி வளர்ச்சியில் இலை சுருண்டு நிற்கிறது. கேட்கப் போனேன். "நெலம் அம்மா குடுத்ததுங்க. நீங்க எனக்கு என்னங்கக்கா குடுத்தீங்க, நான் தண்ணி விடறதுக்கு?" என்றான்.

அழுதுகொண்டே அண்ணனுக்குப் போன் செய்தேன். முழுக்கக் கேட்டவர், "அடேயப்பா, அப்படியேவா கேட்டான்?" என்றார். குரலில் சந்தோஷம்! பயிர் காய்கிறது, இவருக்குக் கேள்வி இனிக்கிறதா என்று போனை வைத்துவிட்டேன்.

மறுநாள் காலையிலேயே புத்தகத்தோடு வந்து நின்றார். இங்கிலாந்து வழக்கப்படி தம்பி கேட்டது சரி, கைம்மாறாக ஒன்றைக் கொடுத்தவர்தான் வாக்கைக் கேட்க முடியும் என்றார். ஆனால் நம் நாட்டுச் சட்டத்தை எழுதும்போது, அந்தக் கைம்மாறை வாக்குப் பெற்றவரோ "வேறு எவருமோ" கொடுத்திருக்கலாம் என்று சேர்த்துவிட்டார்களாம். மதராஸ் ஹைகோர்ட்டில் எங்கள் கதை போலவே ஒரு பழைய வழக்காம். தாயார் மகளுக்குச் சொத்தைக் கொடுத்து, தன் உடன்பிறப்புக்கு வருடாவருடம் ஒரு தொகை தரச் சொல்லியிருக்கிறார். மகள் ஒப்புக்கொண்டு, பிறகு அந்த உடன்பிறப்பு எனக்கு ஒன்றும் தரவில்லையே என்றிருக்கிறாள். தாய் கொடுத்தது போதும் என்று சொல்லிவிட்டது கோர்ட்.

அப்படியானால் கேஸ் போடலாமே என்றேன். அண்ணன் புத்தகத்தை மூடினார். வாய்ச்சொல் செல்லும், ஆனால் நிரூபிக்க வேண்டும். அன்று கிணற்றடியில் இருந்தது நாலு பேர். அம்மா இப்போது இல்லை, நானும் தம்பியும் வழக்குக்காரர்கள். மிச்சம் அவர் ஒருவர்தான்.

என்னையும் அழைத்துக்கொண்டு தம்பி வீட்டுக்கு நடந்தார். காபி வந்தது, தொடவில்லை. "கண்ணு, எழுதாம உட்டது என் தப்பு. கூண்டுல ஏறி, இருபத்தஞ்சு வருச வக்கீல் நான் தப்புப் பண்ணிப்போட்டேன்னு சொல்லுவேன். நீ சரிங்கம்மான்னதையும் சொல்லுவேன். சொன்னியா இல்லியா, அதை மட்டும் இப்பச் சொல்லு" என்றார்.

தம்பி தலை நிமிரவில்லை. சொன்னேனுங்ணா என்றான். அன்று மதியமே என் வாய்க்காலில் தண்ணீர் வந்தது. இப்போதாவது எழுதிக்கொள்ளலாம் என்றேன். அண்ணன் சிரித்தார். நான் இருக்கிற வரைக்கும் நானே பத்திரம் என்றார். அத்தனை பட்டும் புத்தி வரவில்லை மனுஷனுக்கு.

போன வருடம் மூச்சுத்திணறலோடு ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனபோதும், வாசலில் நீட்டிய படிவத்தின் பின்பக்கத்தைப் படிக்காமல் கையெழுத்துப் போட மறுத்தார். பதினோரு நாள் இருந்தார். துக்கத்தோடு துக்கமாக, வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், எனக்குத் தண்ணீர்ப் பயமும் வந்தது. இருந்த ஒரே சாட்சியும் போயாயிற்றே.

அந்தப் பதினோரு நாளும் கண்ணசராமல் பார்த்துக்கொண்ட அண்ணிக்கும், தேடி வந்து ரத்தம் கொடுத்த ஜூனியர் வக்கீல்களுக்கும், அண்ணனின் சிங்காநல்லூர் வீட்டில் அடுப்பு அணையாமல் பார்த்துக்கொண்ட அக்கம்பக்கத்தாருக்கும், காரியங்கள் முடியும்வரை கூடவே நின்ற பங்காளிகளுக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி.

இன்னொருவருக்கும் நன்றி சொல்ல வேண்டும். காரியம் முடிந்த மறுவாரம் தம்பி ஒரு உறையோடு என் வீட்டுக்கு வந்தான். பதிவு செய்த பத்திரம், கிணற்றில் எனக்கும் என் மக்களுக்கும் தண்ணீர் பாத்தியதை. கைம்மாறு என்ன என்ற இடத்தில் "எங்கள் தாயார் கொடுத்த நிலம்" என்று இருந்தது. இது எதற்கடா, தண்ணீர்தான் வந்துகொண்டிருக்கிறதே என்றேன்.

"சாட்சி சொல்ல இனி அண்ணன் இல்லீங்களேக்கா. அதனாலதான் எழுதிப்போட்டேன்" என்றான்.