கடைசிப் பாட்டில் தெல்மாவின் குரல்

தெல்மா பாரக்ளஃப் பாட்டுக்காரப் பையன்களுக்கு ஆக்கிப் போட்டே ஐம்பதைத் தாண்டியவள். வட இங்கிலாந்தில் டாட்மர்டன் என்ற ஊருக்கு மேலே, மலைச்சரிவில், ஒரு காலத்தில் செம்மறி வளர்த்த பண்ணைவீட்டை ஒலிப்பதிவுக் கூடமாக மாற்றியிருந்தார்கள். லண்டனிலிருந்தும் மான்செஸ்டரிலிருந்தும் குழுக்கள் வந்து வாரக்கணக்கில் தங்கும். கிழிந்த ஸ்வெட்டர், சீவாத தலை, மத்தியானம் வரைக்கும் தூக்கம். தெல்மாவின் கணக்கில் அவர்கள் இரண்டே ஜாதி: ஒழுங்காகச் சாப்பிடுகிறவன், சாப்பிடாதவன். பாட்டைப் பற்றிக் கேட்டால், "சுவர் அதிருதுன்னா வேலை நடக்குதுன்னு அர்த்தம்" என்பாள்.

புருஷன் போய்ப் பல வருஷமாகிவிட்டது. பிள்ளை இல்லை. உறவென்று இருந்தது தம்பி கிளைவும் அவன் மகள் ஜனீனும்தான். அம்மா செத்தபோது கிளைவ் கைக்குழந்தை. தெல்மாதான் குளிப்பாட்டி, ஊட்டி, அடித்து, ஆளாக்கினாள். வளர்ந்து லாரி ஓட்டப் போனான். பெண்டாட்டி விட்டுப் போன பிறகு, வியாழக்கிழமை சாயங்காலம் லாரியைக் கீழே ரோட்டில் நிறுத்திவிட்டு நேரே பண்ணை அடுப்படிக்கு ஏறி வந்துவிடுவான். மாவுக்குள் இறைச்சியை வைத்து அக்கா சுட்ட 'பை'யில் இரண்டு துண்டு உள்ளே போன பிறகுதான் வாய் திறக்கும். அதன் பிறகு மூடாது.

"ஏண்டா, இதுக்குப் பேரு பாட்டா? என் லாரி கியர் மாத்துறப்ப இதைவிட ராகமா பாடும்!"

பையன்களுக்கு அவனைப் பிடிக்கும். "வாங்கண்ணே, அப்ப லாரியையே மேலே கொண்டாங்க, மைக் வைக்கிறோம்" என்பார்கள்.

அந்தக் குளிர்காலத்தில் தங்கியிருந்தது ஹல் நகரத்துக் குழு. 'பேல் ஃபெரீஸ்' என்று பெயர். முதல் ஆல்பம் நன்றாகப் போய்விட்டதால் இரண்டாவதும் அப்படிப் போகுமா என்று எல்லோருக்கும் கவலை. பாடுகிறவன் ரஸ்ஸல். ஒல்லி, அதிர்ந்து பேசாதவன், தின்ற தட்டைத் தானே கழுவி வைப்பான். தெல்மாவுக்கு அவன்மேல் தனி வாஞ்சை. எல்லாப் பாட்டும் முடிந்து கடைசிப் பாட்டு மட்டும் படியாமல் இழுத்துக்கொண்டிருந்தது. ஒலிப்பதிவாளன் ஏட்ரியன் மாடிப்படியில், பால் அறையில், கடைசியில் அடுப்படி ஜன்னலிலும் ஒரு மைக்கைத் தொங்கவிட்டான்.

"இங்கயுமாடா? நான் பாத்திரம் தேய்க்கிறதையும் பதிவு பண்ணப் போறியா?"

"வீட்டோட ஓசை வேணுமாம் தெல்மாம்மா. ரஸ்ஸல் கேக்குறான். நீங்க உங்க வேலையப் பாருங்க."

அவளும் தன் வேலையைப் பார்த்தாள். இரண்டு நாளில் அந்த மைக் அங்கே இருப்பதையே மறந்துவிட்டாள்.

கிளைவ் வரவேண்டிய ஒரு வியாழக்கிழமை. மலையெல்லாம் மூடுபனி. அடுப்படியில் போன் அடித்தது. லாரிக் கம்பெனியிலிருந்து ஒருத்தர் பேசினார். நெடுஞ்சாலையில் பனியில் வண்டிகள் ஒன்றன்மேல் ஒன்று மோதியதில், நடுவில் கிளைவின் லாரி.

தெல்மா என்ன சொன்னாள் என்பது அவளுக்கே பிறகு நினைவில்லை. போனைக் கீழே போட்டதும், தரை சில்லென்று இருந்ததும்தான் நினைவு. ரஸ்ஸல் ஓடி வந்தான். தூக்கி உட்காரவைத்தான். அடுப்பை அணைத்தான். குழுவின் வேனில் அவளை ஏற்றி, எதிரே ஆள் தெரியாத அந்தப் பனியில் ஹாலிஃபாக்ஸில் இருக்கும் ஜனீன் வீடு வரைக்கும் ஓட்டிக்கொண்டு போனான். சிக்னலில் நிற்கும்போதெல்லாம் அவள் கையைப் பிடித்துக்கொண்டான்.

"அந்த மாதிரி ஒரு புள்ளயப் பெத்திருந்தா நான் கொடுத்து வச்சவ" என்று தெல்மா தெருவில் எல்லோரிடமும் சொன்னாள்.

அடக்கத்தன்று அவள் அழவில்லை. வந்தவர்களுக்கு ஹாம் சாண்ட்விச்சும் டீயும் கொடுத்துக்கொண்டே இருந்தாள். ஜனீனும் அழவில்லை. கட்டடக் கடன் சங்கத்தில் வேலை பார்க்கிற பெண். அடுத்த திங்கட்கிழமையே கவுன்டரில் போய் உட்கார்ந்துவிட்டாள். அத்தையும் மருமகளும் கிளைவைப் பற்றிப் பேசிக்கொள்ளவே இல்லை. அந்தப் பக்கத்து ஜனங்களுக்கு அதுதான் பழக்கம்.

செப்டம்பரில் ஆல்பம் வெளிவந்தது. ரஸ்ஸல் கையெழுத்துப் போட்டு இசைத்தட்டு ஒன்று அனுப்பியிருந்தான்: 'தெல்மாம்மாவுக்கு, அன்புடன்.' ஜனீனுக்கு அந்தக் குழு என்றால் உயிர். ஞாயிற்றுக்கிழமை மத்தியானச் சாப்பாடு முடிந்து அத்தையைத் தன் வீட்டு முன்னறையில் உட்காரவைத்து, தட்டைச் சுழலவிட்டாள். தெல்மா அங்கங்கே தலையாட்டினாள். இது அந்தப் பையன் வாரக்கணக்கில் தொண்டை கிழியக் கத்தினது, இது மழை நாளில் பண்ணினது என்று அவளுக்கும் கொஞ்சம் பெருமைதான்.

கடைசிப் பாட்டு. கித்தார்கள் ஒவ்வொன்றாக அடங்கின. பியானோவில் ஒற்றை ஒலி மட்டும் விழுந்துகொண்டிருந்தது. பின்னால் சொட்டுச் சொட்டாகத் தண்ணீர்.

"அத்தை! இது உங்க அடுப்படிக் குழாய்தானே!" ஜனீன் சிரித்தாள்.

அப்போது ஒரு பெண்குரல்.

"இல்ல. இல்லங்க. அவன் சாப்பிட வர்றான். பை அடுப்புல இருக்கு. நீங்க வேற யாரயோ சொல்றீங்க. அவன் வர்றான்."

தெல்மா நிமிர்ந்தாள். "யாரு இந்தப் பொம்பள? ஏன் இப்படிப் பேசுறா?"

ஜனீனின் சிரிப்பு பாதியில் நின்றது. அவள் முகம் சுண்ணாம்பாகியிருந்தது.

"அவன் வர்றான். வியாழக்கிழமை வருவான்." அதன் பிறகு வார்த்தை இல்லை. மிருகம் ஒன்று பொறியில் மாட்டிக்கொண்ட மாதிரி ஓர் ஓசை. பியானோ அதன்மேல் அழகாக, மெதுவாக ஏறியது.

ஜனீன் பாய்ந்து ஊசியைத் தூக்கினாள். ஊசி சறுக்கி, தட்டைக் கிறீச்சென்று கீறியது. அப்போதுதான் தெல்மாவுக்குப் புரிந்தது. தன் குரலை வெளியிலிருந்து அவள் கேட்டதே இல்லை. டீக் கோப்பையைப் பத்திரமாக மேசையில் வைத்தாள். எழுந்தாள். திரும்ப உட்கார்ந்தாள். எதற்கு எழுந்தோம் என்று தெரியவில்லை.

அந்த வாரம் ஜனீன் பத்திரிகைகளைப் பார்த்தாள். ஆல்பத்தின் சிகரம் அந்தக் கடைசிப் பாட்டு என்று எழுதியிருந்தார்கள். பேர் போடாத அந்த நடிகை யார், இவ்வளவு தத்ரூபமாக நடித்திருக்கிறாளே என்று ஒருவர் வியந்திருந்தார்.

"நடிகையா?" என்று மட்டும் கேட்டாள் தெல்மா.

குழு லீட்ஸில் பாட வந்தபோது இருவரும் போனார்கள். வாசலில் சாமான் தூக்கும் ஆள் தெல்மாவின் கையால் தின்றவன். கட்டிப்பிடித்து, மேடை ஓரத்துக்கே கூட்டிப் போனான். இருட்டில் ஆயிரக்கணக்கில் சின்னஞ்சிறுசுகள். கடைசிப் பாட்டு வந்தது. ஒலிநாடாவில் தண்ணீர் சொட்டியது. தெல்மா ஜனீனின் கையைப் பற்றினாள்.

குரல் தொடங்கியதும் கூட்டம் மொத்தமும் சேர்ந்து சொன்னது:

"அவன் சாப்பிட வர்றான்! பை அடுப்புல இருக்கு!"

கைகளைத் தூக்கிக்கொண்டு சொன்னார்கள். முன்வரிசையில் ஒரு பெண் கண்ணை மூடி, ஒவ்வொரு வார்த்தைக்கும் உதட்டை அசைத்தாள். 'அவன் வர்றான்' என்ற இடத்தில் அரங்கமே ஆடியது. தெல்மாவுக்குக் காது அடைத்துப்போயிற்று. தன் உடம்பிலிருந்து எதையோ பிடுங்கி எல்லோரும் கைமாற்றி விளையாடுகிற மாதிரி இருந்தது.

மேடைக்குப் பின்னால் ரஸ்ஸல் துண்டால் முகத்தைத் துடைத்தபடி வந்தான். அவளைக் கண்டதும் முகம் மலர்ந்தது. அதைத்தான் ஜனீனால் தாங்க முடியவில்லை.

"தெல்மாம்மா! வந்துட்டீங்களா! கேட்டீங்களா?"

"கேட்டேன்."

"நான் சொல்லியிருக்கணும். எப்படிச் சொல்றதுன்னு தெரியல. டேப் ஓடிட்டிருந்துச்சு. ஏட்ரியன் அழிச்சிடலாம்னான். நான்தான் வேணாம்னேன். அதுல இருக்கிற உண்மை... எங்களால பாடவே முடியாது அப்படி. கேக்குறப்பல்லாம் அழுதேன்."

"நீ அழுதியா?" தெல்மாவின் குரல் உயரவே இல்லை. "வேன்ல என் கையப் பிடிச்சிட்டு வந்தியே, அப்பவே இது உன் மனசுல இருந்துச்சா?"

ரஸ்ஸல் துண்டை ஒரு கையிலிருந்து இன்னொரு கைக்கு மாற்றினான்.

"சொல்லு கண்ணு. இருந்துச்சா?"

"இருந்துச்சு" என்றான்.

பின்னால் நின்ற மற்ற மூவரும் தரையைப் பார்த்தார்கள். அவர்களுக்கு அது யாருடைய குரல் என்பது தெரியும், வேனிலேயே அவன் இதை நினைத்தது தெரியாது. 'இல்லை' என்ற பதிலுக்காகவே தெல்மா ரயிலேறி வந்திருந்தாள். இனி கேட்க ஒன்றுமில்லை.

"எடுத்துடு" என்றாள்.

"வித்துப்போனதைத் திரும்ப வாங்க முடியாதே..."

"உன்னால எங்க முடியுமோ, அங்க எடுத்துடு."

அடுத்த ஊரில் அந்த நாடா ஓடவில்லை. கூட்டம் தானாகவே அந்த வார்த்தைகளைச் சொல்லிற்றாம். ரஸ்ஸல் பாட்டைப் பாதியில் நிறுத்திவிட்டு இறங்கிப் போனானாம். பிறகு அடித்த தட்டுகளில் பியானோ மட்டும் இருந்தது. தெல்மா பண்ணைவீட்டு வேலையை விட்டுவிட்டு, கீழே பள்ளிக்கூடச் சமையலில் சேர்ந்தாள்.

கிறிஸ்துமஸ் சமயத்தில் தெல்மா ஜனீன் வீட்டில் சமைத்துக்கொண்டிருந்தபோது, ஜனீன் ஒரு விஷயத்தைச் சொன்னாள். அந்தக் கீறல் விழுந்த தட்டை அவள் தூக்கிப் போடவில்லை. சில ராத்திரிகளில் கேட்கிறாள்.

தெல்மாவின் கையிலிருந்த கரண்டி நின்றது. "ஏண்டி? உனக்கென்ன பைத்தியமா?"

"அடக்கத்துல யாருமே அழல அத்தை. நீங்க அழல, நான் அழல. எல்லாரும் சாண்ட்விச் தின்னுட்டுப் போயிட்டாங்க. அப்பா போனதுக்கு ஒருத்தராவது கத்தினாங்கன்னு எனக்கு அதக் கேட்டுத்தான் தெரியும்."

தெல்மா வந்து அவள் எதிரே உட்கார்ந்தாள். கோபம் வரும் என்று காத்திருந்தாள். வரவில்லை.

"வச்சுக்கோ" என்றாள் கடைசியில். "நான் இந்த வீட்டுல இருக்கிறப்ப மட்டும் போடாத."

குழம்பைக் கிளறப் போனவள், பாதி வழியில் நின்று, தான் அழுவது தெரியாதபடி முதுகைத் திருப்பிக்கொண்டாள். ஜனீன் எழுந்து போய் அடுப்பைத் தணித்தாள்.