காகிதக் கலசம்

எங்கள் பூஜை அறையில் ஒரு கலசம் இருக்கிறது. காகிதத்தை ஊறவைத்து, பசையோடு அரைத்து, அச்சில் அப்பி, பொன்வர்ணம் பூசியது. முழ உயரம், ஆனால் இரண்டு விரலால் தூக்கிவிடலாம். எதற்கும் விதி கேட்கும் வருவாய்த் துறையில் தலை நரைத்தவன் நான். இது எந்த விதியிலும் வராது. வைத்தவர் அப்பா என்பதால் ஆட்சேபணை மனு வரவில்லை.

செய்தவர் அத்தான், என் அக்காவின் கணவர். குற்றாலத்தில் சாரல் காலத்தில் கொட்டகை போடும் நாடகக் கம்பெனிக்குத் திரை எழுதத் தொடங்கி, பேசாப் படங்களுக்கு அரண்மனை கட்டி, படங்கள் பேச ஆரம்பித்தபோது சென்னையில் ஆர்ட் டைரக்டர் ஆனார். மரக்கடை வைத்திருந்த அப்பா அதை வேலையாகவே ஒப்புக்கொள்ளவில்லை. அவர் வாயில் அத்தானுக்குப் பெயர் 'படுதா மாப்பிள்ளை'.

ஓர் ஆண்டு சாரலுக்கு வந்த அக்காவை அப்பா திருப்பி அனுப்பவில்லை. "கட்டுதாரு, மறுநாளே பிரிக்காரு. இதுக்குப் பேரு பொழப்பா? மரக்கடைக்கு வரச் சொல்லு. அதுவரைக்கும் இங்கனயே இரு, ஏட்டி" என்றார். அக்கா அத்தானுக்குக் கடிதம் போட்டாள்.

அத்தான் வந்தார். சண்டை போடவில்லை. அவர் வேலை செய்த புதுப்படம் தென்காசி டென்ட் கொட்டகையில் ஓடிக்கொண்டிருந்தது. "ஒரு தடவ பாத்துட்டுச் சொல்லுங்க மாமா. அப்பவும் பொழப்பில்லன்னா மரக்கடைக்கே வந்துருதேன்" என்றார்.

அந்நாளில் எங்கள் தென்காசிக் கோயில் கோபுரம் பிளந்து, உச்சியில்லாமல் நின்றது. அதை முழுதாகப் பார்த்தவர் எவரும் உயிரோடில்லை. வாசலில் நுழைபவரை எதிர்த்துத் தள்ளும் காற்று மட்டும் பழையபடி வீசியது.

கொட்டகையில் நாங்கள் மணலில், அப்பா நாற்காலியில். படத்தில் ராஜகுமாரி கோயிலுக்கு வருகிறாள். அடிநிலை முதல் கலசம்வரை ஒரு கோபுரம். ஏதோ ஊர்க் கோயில் என்றுதான் எல்லோரும் பார்த்தார்கள். அவள் வாசலில் கால் வைத்ததும் முந்தானை பின்னால் பறந்தது. தீவட்டிச் சுடரெல்லாம் வெளிப்பக்கம் சாய்ந்தது. ஸ்டுடியோ விசிறியை வைத்து அத்தான் காற்றையும் கட்டியிருந்தார்.

"ஏலே, நம்ம காத்துலே!" என்று ஒருவர் கத்தினார். கொட்டகையே எழுந்தது. மூங்கிலையும் சாக்கையும் காகிதத்தையும் பார்த்துச் சனம் கைகூப்பியது. நான் அப்பாவைத் திரும்பிப் பார்த்தேன். அவர் கைகள் தலைக்கு மேல் இருந்தன.

வெளியே வந்ததும் அப்பா கேட்டார். "உச்சிய எங்கன பாத்தீரு மாப்ள?"

"பாக்கல மாமா. கீழ நிக்குதத அளந்தேன். மிச்சத்த அதுவே கேட்டு வாங்கிக்கிட்டுது."

"இப்ப அது எங்க?"

"பிரிச்சாச்சு. கலசம் ஒண்ணு மட்டும் நான் கொண்டாந்த பெட்டில கெடக்கு."

அப்பா வீட்டைப் பார்த்து நடந்தார். வீட்டுப் படியேறும்போதே, "ஏட்டி, பெட்டியக் கட்டு. நாளைக்கு ரயிலுக்குப் போணும்" என்றார். மறுநாள் அவரே ஸ்டேஷனுக்குப் போய் இருவரையும் ரயிலேற்றிவிட்டார். கலசத்தை மட்டும் அனுப்பவில்லை.

இப்போது கோபுரம் மறுபடி எழுந்துவிட்டது. அதற்கு எத்தனை மேசை, எத்தனை கமிட்டி, எத்தனை கையெழுத்து என்று எனக்குத் தெரியும். அத்தான் ஒரு கோப்புகூடத் திறக்காமல் கட்டியவர். குடமுழுக்கன்று அக்காவும் நானும் மட்டும் கூட்டத்தில் நின்று அண்ணாந்து பார்த்தோம். சுற்றியிருந்தவர்கள் முதல்முறையாகப் பார்த்து அழுதார்கள். அக்கா, பறந்த முந்தானையை ஒரு கையால் இறுக்கிக்கொண்டு, மறு கையால் என் தோளைப் பிடித்தாள்.

"அவரு கட்டுனது மாதிரில்லாடே இருக்கு" என்றாள்.

வீட்டுக்கு வந்து காகிதக் கலசத்தைத் தூசி தட்டி, அப்பா வைத்த இடத்திலேயே திரும்ப வைத்தேன்.