சுவர் படத்தில் வெட்டுப்பட்ட பேச்சு

என் மனைவி ஆவணப்படம் எடுப்பவள். எங்கே இரண்டு தரப்பு முறைத்துக்கொண்டு நிற்கிறதோ, அங்கே கேமராவோடு போய் நிற்பாள். கேள்வி கேட்பதில் கெட்டிக்காரி. கடைக்குப் போய்வர அரை மணி நேரம் ஏன் ஆனது என்பதற்கே நான் மூன்று விதமாகப் பதில் சொல்லியாக வேண்டும். அவள் எடுக்கும் பேட்டிகளைக் கேட்டு வரிக்கு வரி எழுதித் தருவது என் வேலை. சம்பளம் கிடையாது, திட்டு உண்டு.

அந்தப் படம் ஒரு சுவரைப் பற்றியது. பின்தெரு ஆட்கள் தங்கள் தெரு வழியாக நடக்கக் கூடாதென்று முன்தெருக்காரர்கள் இருபது வருடங்களுக்கு முன் மனு கொடுத்துக் கட்டவைத்த சுவர். மனு கொடுத்தவர்களில் மற்ற யாரும் வாய் திறக்கவில்லை. ஓய்வுபெற்ற பஸ் கண்டக்டர் ஒருவர் மட்டும் பேசினார்.

"மொத கையெழுத்து போட்டதே நான்தான். அவங்கல்லாம் நம்ம தெருவுல நடக்கக் கூடாதுன்னு நெனச்சேன்."

தரையைப் பார்த்தபடியே தொடர்ந்தார். "தப்பும்மா. மறுநாளே போய் என் பேர அடிச்சிட்டு வந்துடணும்னு கெளம்பினேன். தெருமுனை வரைக்கும் போனேன். நாலு பேர் என்ன சொல்லுவாங்களோன்னு திரும்பிட்டேன்."

ஓர் எழுத்து விடாமல் எழுதிக் கொடுத்தேன். படத்தொகுப்பில் என் மனைவி 'நெனச்சேன்' என்ற இடத்தோடு வெட்டினாள்.

"மிச்சத்தையும் போட்டா இவர் மேல பரிதாபம் வந்துடும். சுவரை மறந்துடுவாங்க" என்றாள்.

எனக்கு உறுத்தியது. ஆனால் அவளிடம் வாதாடி ஜெயித்த சரித்திரம் எனக்கு இல்லை. பேசாமல் இருந்துவிட்டேன். இன்று நினைத்தால் என்னையே அறைந்துகொள்ளத் தோன்றுகிறது.

படம் நல்ல பேர் வாங்கியது. இரண்டு மாதம் கழித்துக் கண்டக்டர் எங்கள் வீட்டுக்கு வந்து நாற்காலி நுனியில் உட்கார்ந்தார்.

"எம் பொண்ணு கட்டிக்கிட்டது பின்தெருப் பையனத்தான். ஞாயித்துக்கெழம ஆனா பேத்தியத் தூக்கிட்டு வந்துடுவா. படத்தப் பாத்ததுலேருந்து வர்றதில்ல. நான் பேசின மிச்சத்தையும் சேத்துடும்மா. அவ பாத்தா போதும்."

"கண்டிப்பா செய்றேன் ஐயா" என்றாள். ஒப்புக்காகச் சொல்லவில்லை. ஆனால் படம் ஊர் ஊராகப் போய்க்கொண்டிருந்தது, கூடவே அவளும். இந்தத் திரையிடல் முடியட்டும், அந்தப் போட்டி முடியட்டும் என்று தள்ளிப்போட்டாள். அவர் மூன்று முறை போன் செய்தார். கடைசி முறை நான்தான் எடுத்தேன். "வேலையா இருப்பாங்க, பரவால்ல" என்று எனக்கே ஆறுதல் சொல்லிவிட்டு வைத்தார். அந்தத் துண்டை மட்டும் தனியாக அவருக்கு அனுப்பியிருக்கலாம். ஐந்து நிமிட வேலை. எங்கள் இரண்டு பேர் மண்டையிலும் அது உறைக்கவில்லை.

மாரடைப்பில் அவர் போய்விட்டார் என்று கேள்விப்பட்ட அன்றே என் மனைவி உட்கார்ந்து அதைச் சேர்த்தாள். பத்து நாள் கழித்து மடிக்கணினியோடு அவருடைய மகள் வீட்டுக்குப் போனோம். மருந்துக் கடையில் வேலை முடிந்து அப்போதுதான் வந்திருந்த அந்தப் பெண், நின்றுகொண்டே பார்த்தாள்.

"இது எப்ப எடுத்தது?"

"அதே நாள்தான். அதே பேச்சோட தொடர்ச்சி" என்றாள் என் மனைவி.

"அப்பா இங்க வந்து இதத்தான் சொன்னாரு. நான் இன்னும் பேசினேன், அவங்க போடலன்னு. மாட்டிக்கிட்டதும் கதை கட்டாதீங்கன்னு சொல்லி கதவ சாத்திட்டேன்."

என் மனைவி அழுதுகொண்டே ஏதோ சொல்ல வாயெடுத்தாள். அந்தப் பெண் கேட்கவில்லை. நாற்காலியை இழுத்துப்போட்டுத் திரைக்கு முன்னால் உட்கார்ந்தாள்.

"இன்னொரு தடவ போடுங்க" என்றாள்.